ஆறாத காப்பி

காலவித்தை பற்றி எத்தனையோ நூல்கள் எழுதிய ஞானதிரவியத்தால் கடைசிவரை நிறுத்த முடிந்தது ஒரு டம்ளர் காப்பியின் காலத்தை மட்டும்தான். மகள் ஜெபா காலையில் கல்லூரிக்குக் கிளம்பும்முன் போட்டுக் கொடுத்த காப்பி அது. அவள் போன பேருந்து கவிழ்ந்த செய்தி வந்தபோது அது அவர் கையில் இருந்தது. அன்று பலித்த வித்தை பிறகு பலிக்கவே இல்லை. உதடு பட்டால் காலம் ஓடிவிடும் என்று யாரையும் தொடவிடவில்லை, அவரும் குடிக்கவில்லை. ஆவி பறந்துகொண்டே இருந்தது.

அவரை அடக்கம் செய்த மறுநாள், அருங்காட்சியகத்தார் கண்ணாடிப் பெட்டியோடு வந்தார்கள்.

“சாரோட சொத்தும்மா இது. நாங்க பத்திரமா வச்சுக்கிடுதோம்.”

அவர் மனைவி எஸ்தர் டம்ளரை எடுத்து, ஊதி ஊதிக் குடித்தாள்.

“கிறுக்கி,” என்றாள், “இன்னைக்கும் சீனி போட மறந்துட்டா.”