குடோனில் கிடைத்த தொடர்

காலையிலிருந்து தபால்காரர் தொலைக்காட்சி நிலையத்துக்குப் போன் போடுவது இது ஐந்தாவது தடவை.

“அந்தப் பழைய துப்பறியும் தொடர் நிஜமாவே கிடைச்சிடுச்சாம்மா?”

“கிடைச்சிடுச்சு சார். அழிஞ்சுபோச்சுன்னு நினைச்ச வீடியோ நாடா குடோன்ல இருந்துச்சு. சாயங்காலம் ஆறு மணிக்குப் பார்க்கலாம்.”

இருப்புக் கொள்ளாமல் கூடத்தில் உலாத்தினார்.

“கொஞ்சம் சும்மா உட்காருங்களேன்,” என்றாள் மனைவி. “நீங்க துப்பறிவாளரா நடிச்சதை மாப்பிள்ளையும் பார்க்கட்டும். இத்தனை வருஷம் நீங்க சொல்லித்தானே கேட்டோம்.”

மணி ஆறு. திரையில் துப்பறிவாளராக வேறு யாரோ நுழைந்தார். அவர் காலடியில் கிடந்த பிணத்துக்குத் தபால்காரரின் முகம். அதன் இமை லேசாகத் துடித்தது.

மாப்பிள்ளை தொண்டையைச் செருமினார்.

மனைவி திரையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. “செத்த பிறகும் உங்களால சும்மா கிடக்க முடியலையே.”