மூடாத கண்

ஜப்பானில் தேர்தலில் நிற்கிறவர்கள், கண்ணில்லாத சிவப்பு தாருமா பொம்மைக்கு முதலில் ஒரு கண்ணை மட்டும் வரைவார்கள். மறு கண் ஜெயித்த பிறகுதான். தொகாஷியின் பொம்மைக்கு மறு கண் கிடைக்கவேயில்லை. அவர் இருந்த எதிர்க்கட்சி உடைந்தது, வேறு பெயரில் சேர்ந்தது, மறுபடி உடைந்தது. ஒவ்வொரு முறையும் பொம்மையின் அடியில் ஒட்டியிருந்த கட்சிப் பெயரை மாற்றினாரே தவிர, பொம்மையை மாற்றவில்லை. இந்த முறை கட்சி கேட்டதால் தொகுதியையே விட்டுக்கொடுத்தார். காலமெல்லாம் அவரைத் தோற்கடித்த நுமாதாதான் ஆளுங்கட்சியிலிருந்து தாவி வந்து, இவர் கட்சியின் சார்பில் அங்கே நின்றார்.

கட்சி ஆட்சியைப் பிடித்தது. டிவியில் நுமாதா தன் பொம்மைக்கு மறு கண்ணை வரைந்துகொண்டிருந்தார்.

மனைவி சிஹாரு மையும் தூரிகையும் கொண்டுவந்து வைத்தாள். "நம்ம கட்சிதாங்க ஜெயிச்சிருக்கு. நீங்களும் வரைஞ்சிடுங்க."

தொகாஷி பொம்மையை மடியில் வைத்துக்கொண்டார். "வெள்ளை பெயின்ட் இருக்கா?"

"வெள்ளையா? எதுக்கு?"

"இத்தனை வருஷமா ஒத்தக் கண்ணோட முழிச்சுக்கிட்டே இருக்கு. இனியாவது தூங்கட்டும்."

குழந்தையைத் தூங்கவைக்கிற வீட்டில் செய்வதுபோல, சிஹாரு எழுந்துபோய் டிவியின் சத்தத்தைக் குறைத்தாள்.