நூறு கைதட்டல்

"நூறு" என்று உரக்கச் சொல்லிப் படீரென்று கை தட்டினான் இயக்குநர்.

கிளாப் அடிக்க ஆள் கிடையாது. கேமரா, ஒலி, எடிட்டிங் எல்லாம் அவனே. லென்ஸ் ஜன்னல் திரைக்குள் ஒளிந்திருந்தது.

சந்துக்கு அந்தப் பக்கம், எதிர்மாடி பால்கனிக்கு வழுக்கைத் தலைக்காரர் வந்தார். தொட்டிச் செடிக்குத் தண்ணீர் ஊற்றினார். பழுத்த இலை ஒன்றைக் கிள்ளிவிட்டு உள்ளே போனார்.

"முடிஞ்சுதுக்கா. நூறு நாள், நூறு ஷாட். ஒரே மனுஷன், ஒரே செடி. படத்துக்குப் பேரு 'யாரும் பார்க்காதபோது'."

"அடுத்த வீட்டை எட்டிப் பார்க்கிறதுக்கு இப்படி ஒரு பேரா?" வாயில் பிரஷ்ஷும் நுரையுமாக அக்கா கேட்டாள்.

"நடிப்பே இல்லாத படம்க்கா. சொல்லிட்டு எடுத்தா மனுஷன் நடிக்க ஆரம்பிச்சிடுவான். நான் லேட்டா எழுந்த அன்னிக்குக்கூடச் சரியா அப்பத்தான் வந்தார். யோகம் வேணும் இதுக்கெல்லாம்."

"கேட்காம எடுத்தா அதுக்குப் பேரு திருட்டு."

அவன் காதில் விழவில்லை. குறும்பட விழாவுக்குப் படம் அனுப்ப இன்று மாலை ஆறு மணிவரைதான் நேரம். படிவத்தை மளமளவென்று நிரப்பினான். கடைசிக் கட்டத்தில் பேனா நின்றது.

படத்தில் தோன்றுபவரின் கையெழுத்து.

அக்கா எட்டிப் பார்த்தாள். "போ. போய் நல்லா வாங்கிக் கட்டிக்கோ."

இரண்டிரண்டு படியாகத் தாவி எதிர்மாடிக்கு ஓடினான். இடுப்பில் குழந்தையோடு ஒரு பெண் கதவைத் திறந்தாள்.

"செடிக்குத் தண்ணி ஊத்துவாரே, அவரைப் பார்க்கணும்."

"இப்பத்தான் கிளம்பினார். ஓடினா பஸ் ஸ்டாப்புல பிடிச்சிடலாம்."

"ஸ்டாப்புலயா? எங்கே போறார்?"

"அவர் வீட்டுக்கு. இதைக் காலி பண்ணி ஒரு மாசமாச்சே. நாங்க புதுசாக் குடிவந்தவங்க."

"இல்லீங்க, தினமும் பார்க்கிறேனே."

"தினமும்தான் வர்றார், அரை மணி நேரம் பஸ்ல. செடியை நாங்க பார்த்துக்கிறோம்னேன், கேட்கலை. 'எதிர்வீட்டுத் தம்பி எண்ணி முடிக்கிற வரைக்கும் வந்துட்டுப் போறேம்மா'ன்னார். நீங்கதானே அது? குரல் பழகிடுச்சு."

படிவம் அவன் கையில் கசங்கியது.

அவள் பால்கனிக் கதவைக் காட்டினாள்.

"நீங்க கை தட்டுற வரைக்கும், இந்தக் கதவுக்குப் பின்னாடி செம்போட நின்னுட்டிருப்பார்."