நிர்மலா சிரித்தது

சிரித்துத் தொலைத்தேனே, அதுவும் வாய்விட்டு.

நிர்மலா ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். கணவன் போய் ஒரு மாதம்கூட ஆகவில்லை. முப்பதாம் நாள் காரியத்துக்குச் சாமான் வாங்கத்தான் நாத்தனார் மாதேவியோடு மைசூர் டவுன் பஸ்ஸில் மார்க்கெட்டுக்குப் போய்க்கொண்டிருக்கிறாள்.

எல்லாம் அந்தப் பையன்களால் வந்தது. ஓடுகிற பஸ்ஸிலேயே ஏதோ சிரிப்புக் குறும்படம் எடுத்தார்கள். நிற்பவர்கள் தங்கள் பையை உட்கார்ந்திருப்பவர் மடியில் கொடுப்பது வழக்கம்தானே. அதையே காட்சியாக்கி, ஒல்லியான ஒருவன் மடியில் பை, மூட்டை, பக்கெட் என்று அடுக்கிக்கொண்டே போனார்கள். கடைசியில் அவன் நெற்றி மட்டும்தான் தெரிந்தது.

நடுவில் ஏறிய பெரியவர் ஒருவருக்கு இது படம் என்று தெரியாது. கையிலிருந்த பலாப்பழத்தைக் குவியலின் உச்சியில் வைத்தார். பழுத்த பழம், அழுத்தாதே என்று கன்னடத்தில் அவனை அதட்டவும் செய்தார்.

அதற்குத்தான் அவள் சிரித்தது. கேமரா அவள் பக்கம் திரும்பிவிட்டது.

"அண்ணன் போயி மாசங்கூட ஆகுல. பாத்தா சனம் என்னங்கண்ணி சொல்லும்? அழிக்கச் சொல்லுங்க."

நிர்மலாவும் அதைத்தான் நினைத்தாள். ஊர்ப்பக்கம் ஹனூர் வரைக்கும் சொந்தக்காரர்கள் எல்லார் கையிலும் போன் இருக்கிறது. புருஷனை அடக்கம் செய்த ஈரம் காயும் முன் சிரித்தவள் என்ற பேர் வந்தால், சாகும்வரை போகாது.

படம் எடுத்த கவின்ராஜ் தானே எழுந்து வந்தான். இவர்களுடைய தமிழ் காதில் விழுந்திருக்க வேண்டும்.

"அக்கா, நாங்க எழுதுன காமெடியவிட உங்க சிரிப்புதான் சூப்பர். படத்துல வெச்சுக்கலாமா? பேடா, வேண்டாம்னா இப்பவே அழிச்சிடுறேன்."

போனை நீட்டினான்.

திரையில் யாரோ ஒரு பெண், தலையைப் பின்னால் சாய்த்து, வாய் நிறையச் சிரித்துக்கொண்டிருந்தாள். அது தான்தான் என்று பிடிபட நிர்மலாவுக்குச் சற்று நேரம் ஆனது.

மேல்வரிசையில் முன்பற்கள் இரண்டு இல்லை.

மாதேவியும் பார்த்தாள். அண்ணி குளியலறையில் வழுக்கி விழுந்துதான் பல் போனது என்று அக்கம்பக்கத்தில் சொன்னவள் அவள்தான். அன்று அண்ணனின் கையைப் பிடித்து இழுத்து விலக்கியவளும் அவள்தான்.

"செத்த மனுசனுங்கண்ணி." குரல் கெஞ்சலாக இறங்கியிருந்தது. "அழிச்சிறச் சொல்லுங்க."

கவின்ராஜின் விரல் திரைமேல் காத்திருந்தது.

"இருக்கட்டும் தம்பி," என்றாள் நிர்மலா. "அழிக்க வேண்டாம்."