ஒரு முழ நிலம்

"வாற திங்களுக்குள்ளை அளந்து பிளான் குடுக்காட்டில், கோட்டு உத்தரவை அவமதிச்சதெண்டு நீங்கள் மறியலிலை கிடக்கவேண்டியதுதான் ஐயா" என்று சொல்லி நீதிமன்றக் கடிதத்தை நீட்டினார் ஊர்த்தலைவரான விதானையார் முருகேசு.

சர்வேயர் செல்வரட்ணம் கையெழுத்திட்டு வாங்கினார். வாசிக்கவில்லை. செத்துப்போன ஏரம்புவின் காணி எல்லையை மறுபடி அளக்கும்படி நீதிமன்றம் அவருக்கு உத்தரவிட்டு மூன்று தவணை போய்விட்டது. முதல் தவணைக்குக் காய்ச்சல் என்றார். அடுத்ததற்கு மழை என்றார். மூன்றாவதற்கு ஒன்றுமே சொல்லவில்லை.

முப்பது வருடத்தில் ஓர் உத்தரவையும் தட்டாத மனிதர். அயற்காணிக்காரர் அவரைக் கைக்குள் போட்டுக்கொண்டார் என்று அச்சுவேலிச் சந்தை முழுவதும் கதை. உலை வாயை மூடலாம், ஊர் வாயை மூட முடியுமா?

"நாளைக்குக் காலமை வாறன்" என்றார் செல்வரட்ணம்.

சொன்னபடி வந்தார். ஏரம்புவின் மனைவி போட்ட வழக்கு ஒரு முழ நிலத்துக்கு. 1927இல் இதே செல்வரட்ணம் அளந்தபோது, அயற்காணி, அதன் உறுதிப் பத்திரத்தில் எழுதியிருந்ததைவிட ஒரு முழம் குறைந்திருந்தது. ஏரம்புதான் வேலியை அயற்காணிக்குள் அரக்கி நகர்த்திப் போட்டான் என்று தீர்ப்பானது. வேலியை ஒரு முழம் அவன் பக்கம் தள்ளி அடைத்தார்கள். 'வேலி அரக்கி' என்ற பட்டத்தையும் சூட்டினார்கள். அதன்பின் அவன் கோயில் தேரின் வடத்தைத் தொடவில்லை. மூன்றாம் வருடம் செத்தும் போனான். பாழாய்ப்போன அந்தப் பட்டம்தான் சாகவில்லை. மகளுக்குப் பேசிவந்த இரண்டு சம்பந்தமும் அதனாலேயே முறிந்தன.

பழைய வேலியில் நின்ற ஒரே ஒரு பூவரசை மட்டும் அவன் மனைவி சிவக்கொழுந்து வெட்டவிடவில்லை. வெட்ட வந்தபோது கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றவள். இன்றும் அதில் கைவைத்தபடிதான் நின்றாள்.

"ஒரு முழத்துக்கு இவ்வளவு பாடோ, பிள்ளை?" என்றார் விதானையார்.

"நிலத்தை அவையளே வைச்சிருக்கட்டும். என்ரை மனிசன் கள்ளனில்லை எண்டு கோட்டிலை எழுதித் தரவேணும். எனக்கு அது போதும்."

செல்வரட்ணம் அவளை நிமிர்ந்து பார்க்கவில்லை. அயற்காணியின் மறுகோடி எல்லைக்கல்லிலிருந்து பூவரசு வரை, நாலு சங்கிலித் தூரத்தைப் புது அளவுச் சங்கிலியால் அளந்து எழுதினார். பிறகு பெட்டியைத் திறந்து, பத்து வருடமாக வெளியே வராத ஒரு துருப்பிடித்த சங்கிலியை எடுத்து, அதாலும் அளந்து எழுதினார். ஒருக்கால் அளந்தது போதாதோ என்று விதானையார் சலித்துக்கொண்டார்.

கடைசியில் இரண்டு சங்கிலிகளின் தலைப்பையும் பூவரசின் அடியில் ஒன்றாக வைத்து, பக்கத்தில் பக்கத்தில் இழுத்து நீட்டினார். மற்றத் தலைப்பை வந்து பார்க்கும்படி சிவக்கொழுந்தைக் கூப்பிட்டார். ஒரே அளவாக இருக்கவேண்டிய சங்கிலிகள். பழையது அரைச்சாண் நீண்டு கிடந்தது.

அவளுக்கு ஒன்றும் விளங்கவில்லை. நீதவான்மார் முன்னாலும் கதிரையில் உட்கார்ந்தபடியே பேசுகிற செல்வரட்ணம், தோளிலிருந்த சால்வையை எடுத்து இடுப்பில் கட்டிக்கொண்டார்.

"உங்கடை முகத்தைப் பாக்கிறதிலும் மறியல் லேசெண்டுதான் மூண்டு தவணையும் ஒளிச்சுத் திரிஞ்சன்" என்றார். "நீண்ட சங்கிலி காணியைக் குறைச்சுத்தான் காட்டும். ஒரு சங்கிலிக்கு அரைச்சாண், நாலுக்கு ஒரு முழம். உங்கடை மனிசன் வேலியை அரக்கேல்லை அம்மா. அண்டைக்கு நான் அளந்தது, வளையம் தேஞ்சு நீண்டுபோன இந்தச் சங்கிலியாலை."