நாற்பத்தொன்றாவது கண்ணாடி

2003-இல் கம்பத்துக் கல்யாண மண்டபம் ஒன்றில் ஜோதிலட்சுமி கண்காட்சி வைத்தாள். கோம்பையில் தான் வளர்ந்த வீட்டைப் படமெடுத்து, ஃபிலிமைத் துண்டு துண்டாக வெட்டி, இரண்டிரண்டு கண்ணாடிகளுக்கு நடுவே ஒட்டியிருந்தாள். மொத்தம் நாற்பது கண்ணாடிப் படங்கள். கண்காட்சிக்கு ‘நான்’ என்று பெயர். திராட்சைத் தோட்டத்தில் மருந்தடிக்கும் கூலிக்காரரான அப்பாவின் உருவம் விழுந்திருந்த துண்டுகளை மட்டும் அடுப்பில் போட்டிருந்தாள். சென்னையில் படித்தபோது, அப்பா உயிரோடு இல்லை என்று சொல்லியிருந்தாள்.

திறப்பன்று காலையில் எண்ணினாள். நாற்பத்தொன்று இருந்தது. கடைசிக் கண்ணாடியில் அப்பா, கொல்லைச் சுவரோரம், நீலக் கட்டம் போட்ட சட்டையில் நின்றார். அவரிடம் அப்படிச் சட்டையே கிடையாது. அதைக் கழற்றிப் பெட்டியில் பூட்டிவிட்டு மறுபடி எண்ணினாள். நாற்பத்தொன்று.

பதினோரு மணிக்கு, கூப்பிடாமலே அப்பா வந்தார். நீலக் கட்டம் போட்ட சட்டை. கடை மடிப்பு இன்னும் கலையவில்லை.

சென்னைத் தோழி ஒருத்தி, “யாரு இவரு?” என்று கேட்டாள்.

“எங்க ஊர்க்காரரு” என்றாள் ஜோதிலட்சுமி.

அப்பா ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே வந்து கடைசிக் கண்ணாடி முன்னால் நின்றார். குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

“நீ படம் எடுக்கையில நான் ஒதுங்கித்தான ஆத்தா நின்னேன். இதுல எப்படி விழுந்தேன்?”

சொல்லிவிட்டு இரண்டடி தள்ளிப் போனார். கண்ணாடியில் சுவர் மட்டும் இருந்தது.