பத்திரிகையில் போடாத குலம்

பொய்ச் சாதிச் சான்றிதழில் டாக்டரானவனின் பட்டம் இன்று மாலை ஐந்து மணிக்கு அழிந்துவிடும். சான்றிதழில் உள்ள மலைக்குலத்தின் மூப்பர் அவனைத் தம் உறவென்று ஏற்றுக் கைரேகை வைத்தால் மட்டுமே பிழைக்கும். புதுச் சட்டம் அப்படி.

டாக்டர் நிரஞ்சனை அழைத்துக்கொண்டு அவன் அப்பா சுந்தரவடிவேல் மலையேறி வந்திருந்தார். சான்றிதழுக்காகத் தம் பாட்டன் பெயரைத் திருடியவர்களை மாதன் மூப்பர் மேலும் கீழும் பார்த்தார்.

"மனசு வைக்கணும் மூப்பரே. இனி நாங்களும் உங்க சனந்தான்."

"அப்படியா? உங்க வீட்ல அடுத்த விசேஷம் என்ன?"

"தையில பொண்ணுக்குக் கல்யாணம்ங்க."

"நல்லது. பத்திரிகையில எங்க குலப்பேரைப் போடுங்க. பங்காளிங்க அம்பது பேரு முன்வரிசையில வந்து உக்காருறோம்."

சுந்தரவடிவேல் வியர்வையைத் துடைத்தார். "வாங்க, தாராளமா வாங்க. பத்திரிகையில மட்டும் வேணாமே. சம்பந்தி வீட்ல என்ன நெனப்பாங்க?"

"காலேஜுக்கு ஆன குலம் கல்யாணத்துக்கு ஆகலையா?" அவர்கள் கொண்டுவந்திருந்த கைரேகைக் கருவியை மூப்பர் தள்ளிவிட்டார். "பொய்யனுக்குப் பங்காளின்னு சொன்னா எங்க சம்பந்தி மட்டும் மெச்சுவாங்களாக்கும்! எறங்குங்க."

மணி ஐந்தானது. நிரஞ்சனின் சட்டையில் ஒளிர்ந்த டாக்டர் அடையாள வில்லை அணைந்தது. அவன் அங்கேயே உட்கார்ந்து அழுதான். சுந்தரவடிவேல் அவசரமாக அந்த வில்லையைக் கழற்றிப் பைக்குள் போட்டுக்கொண்டார், கீழே யாரும் பார்த்துவிடக் கூடாதே என்று.